ஒரே கை கலந்த ஊதா

ஜூன் 9

இந்த டைரி எங்கள் பிரஸ்ஸில் அடித்துக் கழித்தது. மார்ச் இரண்டு தடவை வருகிறது, ஏப்ரலைக் காணோம். ஜூனிலிருந்து ஒழுங்காக இருப்பதால் வீட்டுக்கு எடுத்து வந்தேன். நான் எழுதுகிறவன் கிடையாது. சிவகாசியில் முப்பத்தொரு வருஷமாக ஒரே பிரஸ்ஸில் அச்சு மை கலக்குகிறவன். எந்த மையில் எது எத்தனை கிராம் என்று குறித்து வைப்பதோடு என் எழுத்து முடிந்துவிடும். ஆனால் இன்றைக்கு நடந்ததை எங்காவது இறக்கி வைக்காவிட்டால் எனக்குச் சோறு இறங்காது. சொர்ணத்திடம் சொல்லலாம்தான். என் மனைவியிடம் ஒன்றைச் சொன்னால் அது சாயங்காலத்துக்குள் தெருக்கோடி வரை போய்விடும்.

காலை பதினொரு மணி இருக்கும். சாத்தூரிலிருந்து திரவியம் போன் செய்தார். என் தங்கை அன்னக்கனியின் வீட்டுக்காரர். இருவரும் வீட்டுக்குப் பின்னால் ஒரு கொட்டகை போட்டுச் சுக்குக் காப்பிப் பொடி தயாரிக்கிறார்கள். அவள் வறுத்து அரைப்பாள், நாலு பெண்கள் பெட்டியில் அடைப்பார்கள், அவர் பைக்கில் கட்டிக்கொண்டு போய்க் கடை கடையாகப் போடுவார். பேர் ‘கனி சுக்குக் காப்பி’. இரண்டு வருஷத்தில் கோவில்பட்டி, எட்டயபுரம் வரை போயிருக்கிறது.

“மச்சான், கோர்ட்டுல இருந்து ஆள் வந்திருக்காக. வக்கீல் கமிஷனராம். பெட்டி பூராத்தையும் கட்டி சீல் வைக்காக.”

“என்னத்துக்கு மாப்ள? சரக்குல ஏதும் கோளாறா?”

“சரக்குல ஒண்ணும் இல்ல. பெட்டியோட கலரு ரஞ்சிதம் கம்பெனிக்குச் சொந்தமாம்.”

நான் சிரித்துவிட்டேன். அவர் சிரிக்கவில்லை. பின்னால் அன்னக்கனி யாரிடமோ, “அது வெறுஞ்சாக்கு, அத எதுக்குக் கட்டுறீக” என்று கேட்டுக்கொண்டிருந்தது காதில் விழுந்தது.

ஜூன் 10

சொர்ணம் ரவிக்கைக்குக் கத்தரிப்பூ நிற நூல்கண்டு கேட்டிருந்தாள். வாங்கிக் கொடுத்தேன். “இது சாம்பல் கலரு, இதப் போயி வாங்கிட்டு வந்திருக்கீக” என்கிறாள். கடையில் மாட்டியிருக்கும் பல்பு அப்படி. நாளைக்கு மாற்ற வேண்டும்.

ஜூன் 11

பிரஸ்ஸுக்கும் நோட்டீஸ் வந்துவிட்டது. கனி பெட்டியை அடித்ததும் நாங்கள், ரஞ்சிதம் பெட்டியை அடிப்பதும் நாங்கள். ரஞ்சிதம் மதுரைக் கம்பெனி, எங்களுக்கு இருக்கிற வாடிக்கையிலேயே பெரியது. முதலாளி தனுஷ்கோடி நோட்டீஸைக் கொண்டுவந்து நான் மை கலக்கும் கல்மேடையில் வைத்துவிட்டுப் போனார். மை ஒட்டும் என்றுகூடப் பார்க்கவில்லை.

‘எமது கட்சிக்காரரின் நீண்டகாலச் சிந்தனையாலும் உழைப்பாலும் உருவான தனித்த நிறம்’ என்று அதில் எழுதியிருக்கிறது. பதினேழு வருஷத்துக்கு முன்னால் அந்த ரஞ்சிதக்காரர் முதன்முதலாக வந்த நாள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. “ஏதாவது ஒரு கலரு, கண்ணுல படுற மாதிரி போட்டுவிடுங்க அண்ணாச்சி” என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போனார். திரும்பி வருவதற்குள் நான் கலந்து வைத்த ஊதா அது. சிந்தித்தது யார், டீ குடித்தது யார்? நிறத்துக்குச் சொந்தக்காரன் என்று ஒருத்தன் இருந்தால் அது நான்தான். எனக்கு யாரும் நோட்டீஸில் அப்படி எழுதித் தரப்போவதில்லை.

கனி பெட்டியின் கதை வேறு. இரண்டு வருஷத்துக்கு முன்னால் அன்னக்கனி தனியாக மை அறைக்கு வந்தாள். திரவியம் அன்றைக்குக் கோவில்பட்டி போயிருந்தார். “சங்குப்பூ நீலத்துல வேணும்ணே. ரஞ்சிதம் மாதிரி மட்டும் இருந்துரக் கூடாது” என்றாள். சரி என்று கலந்தேன். புது நிறம் கலக்கும்போது நான் பூவையும் பார்க்க மாட்டேன், பழைய தாளையும் பார்க்க மாட்டேன். மனசில் இருக்கும் நிறம் வரும்வரை கலப்பேன். ஒரு சொட்டு மையைத் தாளில் வைத்துக் கத்தியால் மெல்லிசாக இழுத்துப் பார்ப்பேன், சேர்ப்பேன், மறுபடி இழுப்பேன். சரியாக வந்ததும் தாளின் பின்பக்கம் கையெழுத்துப் போடுவேன். என் கையெழுத்து விழுந்த நிறத்தை எங்கள் பிரஸ்ஸில் இன்னொருத்தர் பார்ப்பது கிடையாது. மிஷின்காரர் மையை அள்ளிப் போட்டு ஓட்டிவிடுவார். ‘கனகவேல் அண்ணாச்சி கண்ணு’ என்று வெளியூர்க்காரர்கள் சொல்லிக்கொண்டு வருவதே அதனால்தான்.

ரஞ்சிதத்துக்கு இந்தக் கஷ்டம் கூட இல்லை. கிராம் அளவு எழுதி வைத்திருக்கிறேன். தராசு இருந்தால் போதும்.

மத்தியானம் இரண்டு பெட்டியையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ஒன்று போலத்தான் இருக்கின்றன. வெகுநேரம் பார்த்தேன். ரஞ்சிதம்தான் நீலத்துப் பக்கம் நகர்ந்திருக்கிறது. அட்டை மாற்றியிருப்பார்கள்.

ஜூன் 16

மதுரையில் வக்கீல் வீட்டுக்குப் போனோம். மெர்சி என்று ஒரு அம்மாள், நாற்பது வயது இருக்கும். அன்னக்கனி, திரவியம், நான், மூன்று பேரும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தோம். திரவியம்தான் முதலில் கேட்டார்.

“மேடம், கலரு எப்படி ஒருத்தருக்குச் சொந்தமாகும்? வானம் நீலமா இருக்கு. அதுக்கும் ஒருத்தன் வந்து நோட்டீஸ் குடுப்பானா?”

அந்த அம்மாள் பொறுமையாகச் சொன்னார். “கலருக்கு யாரும் பட்டா வாங்க முடியாதுங்க. ஆனா ஒரு சரக்க ஜனங்க கலரை வச்சே கேட்டு வாங்குறாங்கன்னு வைங்க. ‘அந்த ஊதாப் பெட்டி குடு’ன்னு கேக்குறாங்கள்ல? அப்ப அந்தச் சரக்குக்கு மட்டும் அந்தக் கலர் அவங்களோடதுன்னு கோர்ட்டு ஒத்துக்கலாம். நீங்க இதே ஊதாவுல குடை விக்கலாம், செருப்பு விக்கலாம். சுக்குக் காப்பி விக்கிறதுதான் பிரச்சினை.”

திரவியத்துக்கு அது பிடிபட்டுவிட்டது. வியாபாரி அல்லவா. கடைக்கு வரும் கிழவிகள் பேரைப் படிப்பதில்லை, நிறத்தைத்தான் கேட்கிறார்கள் என்று அவரே எங்களிடம் பெருமையாகச் சொல்லியிருக்கிறார். தலையைக் குனிந்துகொண்டார்.

“தெரியாம நடந்துருச்சுன்னா ஒரு வழி இருக்கு,” என்றார் வக்கீல். “நீங்க வேற கலர் கேட்டீங்க, அச்சுல இப்படி வந்துருச்சுன்னு காட்டணும். அப்ப இருக்குற பெட்டிய வித்துத் தீக்கவும் புதுசு அடிக்கவும் அவகாசம் வாங்கலாம். வேணும்னே பாத்து எடுத்ததுன்னு ஆச்சுன்னா ஒண்ணும் செய்ய முடியாது. பெட்டி போனது போனதுதான், பேரும் போகும். கலந்தது யாரு?”

“எங்க மச்சான்தான்,” என்றார் திரவியம். “ரஞ்சிதத்துக்கும் இவுகதான் கலந்தாக.”

அந்த அம்மாளின் பேனா நின்றுவிட்டது. என்னை ஒரு பார்வை பார்த்துவிட்டு, “நீங்க அவர்கிட்ட என்ன கலர் கேட்டீங்க?” என்று அவர்களிடம் கேட்டார். திரவியம் தன் மனைவியைப் பார்த்தார். அன்னக்கனி என்னைப் பார்த்தாள். கொஞ்ச நேரம் பார்த்தாள் என்றுதான் சொல்ல வேண்டும். பிறகு கையில் இருந்த பையின் காதைத் திருகிக்கொண்டே சொன்னாள்.

“ஊதாதான் கேட்டேன். ரஞ்சிதம் நல்லா ஓடுதுல்ல, அதுபோல வேணும்னு நாந்தான் கேட்டேன்.”

திரவியம் சட்டென்று அவள் பக்கம் திரும்பினார். “ஏங்கிட்ட அப்படிச் சொல்லலையே.”

அவள் கேட்டது சங்குப்பூ நீலம். இரண்டு வருஷம் ஆகிவிட்டது, மறந்திருப்பாள். வக்கீல் முன்னால் தங்கையைப் பொய்க்காரி ஆக்க முடியுமா? நான் பேசாமல் இருந்தேன். திரும்பி வரும்போது பஸ்ஸில் மூன்று பேருக்கும் தனித்தனி சீட் கிடைத்தது.

ஜூன் 17

நூல்கண்டு மாற்றியாயிற்று. சொர்ணம் கூடவே வந்து அவளே எடுத்தாள்.

ஜூன் 24

முதலாளி தன் அறைக்குக் கூப்பிட்டார். காப்பி வரவழைத்தார். முப்பத்தொரு வருஷத்தில் அவர் எனக்குக் காப்பி வரவழைப்பது மூன்றாவது தடவை.

“அண்ணாச்சி, ரஞ்சிதத்துல இருந்து பேசுனாக. நம்ம மேல கோவம் இல்லங்காக. கஸ்டமர் கேட்டத நாம அடிச்சோம், அம்புட்டுதான். அத மட்டும் ஒரு தாள்ல எழுதிக் குடுத்தாப் போதும், பிரஸ்ஸ விட்டுருவாக.” தாள் ஏற்கெனவே டைப் அடித்து ரெடியாக இருந்தது. ‘மேற்படி பெட்டிக்கு ஊதா நிறம் வேண்டும் என்று வாடிக்கையாளரே நேரில் கேட்டதன் பேரில் கலந்து கொடுத்தேன்.’

“என் தங்கச்சிங்க அது,” என்றேன்.

“அந்தத் தங்கச்சியே வக்கீல்கிட்ட அப்படித்தான் சொல்லுச்சுன்னு நீங்கதான சொன்னீக. நீங்க புதுசா என்ன சொல்லப் போறீக?” பிறகு ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு கேட்டார். “அவுக ஊதா கேக்கலன்னா, பெறகு ஊதா எப்படி அண்ணாச்சி வந்துச்சு?”

கையெழுத்துப் போட்டேன். அவளே சொன்னதுதானே. அவள் சொல்லாத எதையும் நான் எழுதவில்லை.

ஜூன் 25

தூக்கம் சரியில்லை. வாயு.

ஜூலை 8

கோர்ட். இவ்வளவு சின்ன அறையாக இருக்கும் என்று நினைக்கவில்லை. ரஞ்சிதத்தின் வக்கீல் இரண்டு பெட்டியையும் நீதிபதி முன்னால் வைத்தார். அவர் மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார், திருப்பித் திருப்பிப் பார்த்தார், பிறகு ஜன்னல் வெளிச்சத்துக்கு எடுத்துப் போகச் சொல்லிப் பார்த்தார். அங்கேயும் ஒன்றாகத்தான் இருந்திருக்கும். “ரெண்டையும் ஒரே கை கலந்திருக்கு,” என்றார்.

அந்த ஒரு நொடி எனக்குப் பெருமையாக இருந்தது. எழுதவே வெட்கமாக இருக்கிறது, ஆனால் இருந்தது. பதினைந்து வருஷ இடைவெளியில் கலந்த இரண்டு நிறத்தை ஒரு நீதிபதி ஒன்று என்கிறார். பிறகு என் கையெழுத்துப் போட்ட தாளை உரக்கப் படித்தார்கள். படிக்கும்போது திரவியம் என்னைப் பார்க்கவில்லை. அன்னக்கனியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். வழக்கு முடியும்வரை அந்த நிறத்தில் ஒரு பெட்டிகூட விற்கக் கூடாது என்று உத்தரவு.

வாசலில் மெர்சி வக்கீல் என்னிடம், “உங்க தங்கச்சி வேற கலர் கேட்டதா உங்களுக்கு ஞாபகமே இல்லையா?” என்றார். இல்லை என்றேன். அந்த அம்மாளுக்குச் சந்தேகம் போகவில்லை. வக்கீல்களுக்கு அதுதானே தொழில்.

ஆகஸ்ட் 3

ஆடிப்பெருக்கு. வருஷா வருஷம் போல அடுத்த ஆண்டுக் காலண்டர் மாதிரிகளின் ஆல்பத்துக்குப் பூஜை போட்டோம். முதல் படம் புல்லாங்குழல் கண்ணன். எடுத்துப் பார்த்தேன், மேனியில் பச்சை ஏறிக் கிடக்கிறது. மிஷின் ஓட்டும் ஆரோக்கியத்தைக் கூப்பிட்டு நாலு பேர் முன்னால் சத்தம் போட்டேன். அவன் பதினெட்டு வருஷமாக என் மையை ஓட்டுகிறவன், எதிர்த்துப் பேசினதில்லை. இன்றைக்கு, “எப்பவும் அடிக்கிற நீலம்தான் அண்ணாச்சி” என்று மெதுவாகச் சொன்னான். முதலாளி ஆல்பத்தை வாங்கி மூடினார். “நல்ல நாளு. சாப்பிடப் போவோம்” என்றார். பொங்கல் நன்றாக இருந்தது. இரண்டு தடவை வாங்கிக்கொண்டேன்.

ஆகஸ்ட் 19

சாத்தூருக்குப் போனேன். மஞ்சள் பெட்டியில் போட்டுப் பார்க்கிறார்கள். வேறு பிரஸ்ஸில் அடித்திருக்கிறார்கள். எங்களிடம் கேட்கவில்லை, நானும் ஏன் என்று கேட்கவில்லை.

திரவியத்தோடு நாலு கடைக்குப் போனேன். ஒரு கடையில் நாங்கள் நிற்கும்போதே ஒரு அம்மாள் வந்து ஊதாப் பெட்டி கேட்டார். கடைக்காரர் மஞ்சளை எடுத்துக் காட்டி, “அதே சரக்குதான் ஆத்தா, பெட்டி மாறிருச்சு” என்றார். அந்த அம்மாள் பெட்டியை முகர்ந்துகூடப் பார்க்காமல், “எனக்கு ஊதாதான் வேணும்” என்று சொல்லி ரஞ்சிதம் வாங்கிக்கொண்டு போனார். கடைக்காரர் பழைய சரக்கையும் எடுத்துப் போகச் சொல்லிவிட்டார். ‘அடுத்தவன் கலரத் திருடுன கம்பெனி’ என்று ரஞ்சிதத்தின் சேல்ஸ்மேன் ஊரெல்லாம் சொல்லி வைத்திருக்கிறான்.

பெட்டி அடைக்கிற நாலு பெண்களில் ஒருத்திதான் மிச்சம். வீட்டில் திரவியம் அன்னக்கனியிடம் பேசுவதில்லை. ஏதாவது வேண்டுமென்றால் சுவரைப் பார்த்துச் சொல்கிறார். அவள் கொண்டுவந்து வைக்கிறாள். எனக்குச் சாப்பிட முடியவில்லை, வயிறு சரியில்லை என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன்.

செப்டம்பர் 12

முடிந்தது. சமாதானமாகப் போவது என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். அந்த ஊதாவையோ அதற்குப் பக்கத்து எந்தச் சாயலையோ சுக்குக் காப்பிக்கு இனி ஒருநாளும் பயன்படுத்துவதில்லை, சீல் வைத்த பெட்டிகளை அழிக்கச் சம்மதிக்கிறோம், தெரிந்தே எடுத்ததற்கு வருந்துகிறோம். கம்பெனி அன்னக்கனி பேரில் இருப்பதால் அவள்தான் கையெழுத்துப் போட்டாள். வறுக்கிற சட்டிகளை விற்றுவிட்டார்கள். திரவியம் ஒரு ஹார்டுவேர்ஸ் கடைக்கு வேலைக்குப் போகிறார்.

ரஞ்சிதம் பெட்டிக்கு ஆர்டர் கூடியிருக்கிறது. இன்றைக்குக் கலந்தேன்.

செப்டம்பர் 30

சாயங்காலம் பிரஸ்ஸிலிருந்து வரும்போது டி.வி.எஸ்ஸோடு விழுந்துவிட்டேன். எதிரே வந்த லாரியின் விளக்கு பூசணிப்பூ போல விரிந்து ரோட்டையே மூடிவிட்டது. முழங்கையில் சிராய்ப்பு. சொர்ணம் மஞ்சள் பற்றுப் போட்டுக்கொண்டே அழுதாள். அழுதுகொண்டே, வியாழக்கிழமை கண்ணாஸ்பத்திரிக்குக் கூட்டிப் போவதாக முடிவும் செய்துவிட்டாள். வேண்டாம் என்றேன். “நூல்கண்டுல இருந்து பாத்துக்கிட்டுதான் இருக்கேன்” என்றாள்.

அக்டோபர் 9

வலது கண்ணில் புரை எடுத்தார்கள். இருபது நிமிஷம்தான். இடது கண் ஒரு மாசம் கழித்து.

அக்டோபர் 10

கட்டைப் பிரித்தார்கள். ஆஸ்பத்திரிச் சுவர் வெள்ளையாக இருந்தது. முந்தின நாள் அதை மஞ்சள் சுண்ணாம்பு என்று நினைத்திருந்தேன். நர்ஸம்மாவின் சேலை நீலம். அப்படி ஒரு நீலத்தைப் பார்த்து எத்தனை வருஷம் ஆயிற்று என்று எனக்குத் தெரியவில்லை. வாய்விட்டு அழுதுவிட்டேன். சந்தோஷத்தில் அழுகிறேன் என்று நினைத்து டாக்டர் முதுகில் தட்டினார்.

அக்டோபர் 13

மூன்று நாள் தள்ளிப் போட்டேன். இன்று சொர்ணம் கடைக்குப் போன நேரத்தில் பீரோவிலிருந்து கனி பெட்டியை எடுத்தேன்.

வலது கண்ணை மூடி இடது கண்ணால் பார்த்தால் நீலம். கொஞ்சம் மங்கல், ஆனாலும் அவள் கேட்ட சங்குப்பூ. இடது கண்ணை மூடி வலது கண்ணால் பார்த்தால் ஊதா. அப்பட்டமான, யாரும் சந்தேகமே படமுடியாத ரஞ்சிதத்து ஊதா. எத்தனை தடவை மாற்றி மாற்றி மூடிப் பார்த்தேன் என்று கணக்கில்லை.

இனி எழுதித்தான் ஆக வேண்டும். அந்தப் பெட்டி கலப்பதற்கு மூன்று மாசம் முன்பே எனக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் நடந்த கண் முகாமில் இரண்டு கண்ணிலும் புரை என்று சீட்டு எழுதிக் கொடுத்தார்கள். அதை அங்கேயே கிழித்துப் போட்டேன். மை கலக்கிறவனுக்குப் புரை என்று தெரிந்தால் அப்புறம் அவன் யார்? நீலம் எனக்குப் பச்சையாகத் தெரிந்திருக்கிறது. பச்சையைக் கொல்ல ஊதாவைச் சேர்த்துச் சேர்த்து, என் கண்ணுக்கு நீலமாகத் தெரிந்த இடத்தில் நிறுத்திக் கையெழுத்துப் போட்டிருக்கிறேன். அவள் நீலம் கேட்டாள், நான் ஊதா கொடுத்தேன். பிறகு அவள்தான் ஊதா கேட்டாள் என்று கோர்ட்டுக்கும் எழுதிக் கொடுத்தேன்.

நான் கெட்டவன். வேறு வார்த்தை தேடிப் பார்த்தேன், கிடைக்கவில்லை.

அக்டோபர் 14

மெர்சி வக்கீலுக்குப் போன் போட்டுச் சொன்னேன். “சம்மதிச்சு எழுதிக் குடுத்த தீர்ப்புங்க. இப்ப கிண்டுறது லேசுல்ல. அன்னைக்கே ஒரு வார்த்தை சொல்லியிருந்தீங்கன்னா…” என்று நிறுத்திக்கொண்டார். கோர்ட் போகட்டும். திரவியத்திடமாவது சொல்ல வேண்டும்.

அக்டோபர் 26

ஞாயிற்றுக்கிழமை. சாத்தூர் போய் வந்தேன். நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

திரவியத்துக்குக் கடை லீவு. முற்றத்தில் உட்கார்ந்திருந்தார். அன்னக்கனி அடுப்படியில் தோசை ஊற்றிக்கொண்டிருந்தாள். எனக்கும் இலை போட்டிருந்தார்கள், நான் கை வைக்கவில்லை.

“மாப்ள, ஒண்ணு சொல்லணும். அன்னக்கனி ஊதா கேக்கல. சங்குப்பூ நீலம்தான் கேட்டா. எனக்குக் கண்ணுல புரை. தெரியாம நாந்தான் ஊதாவாக் கலந்துட்டேன்.”

அடுப்படியில் கரண்டிச் சத்தம் நின்றது. திரவியம் என்னையே பார்த்தார். பிறகு அவர் முகம் இளகியது. ஜூன் மாசத்துக்கப்புறம் அந்த முகத்தில் நான் பார்த்த முதல் சிரிப்பு அது.

“மச்சான், தங்கச்சிக்காக நீங்க இதுவும் சொல்வீக, இதுக்கு மேலயும் சொல்வீக.”

“இல்ல மாப்ள, நெசம். இப்பத்தான் ஆப்பரேசன் பண்ணிட்டு வாரேன்.”

“எங்க ஐயாவுக்கு ரெண்டு கண்ணுலயும் புரை. செவப்புத் துண்டும் பச்சத் துண்டும் தெரியாமலா போச்சு?” கொடியில் காய்ந்த சேலையைக் காட்டினார். “அது என்ன கலரு, சொல்லுங்க.”

“கிளிப்பச்சை. கரை மாம்பழ மஞ்சள். ஆனா அது இப்ப…”

“பாத்தீகளா. மச்சான், நீங்க கலந்தது தப்புன்னு நீங்களே வந்து சொன்னாலும் இந்த ஜில்லாவுல ஒருத்தன் நம்ப மாட்டான். கோர்ட்டுல கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கீக. உங்க கையெழுத்த நம்பாம நான் வேற எத நம்புவேன்?”

முகாமில் கொடுத்த சீட்டைப் பற்றிச் சொன்னேன். எங்கே என்று கேட்டார். கிழித்துவிட்டேன் என்றேன். அவர் மறுபடி சிரித்து என் கையைப் பிடித்துக்கொண்டார். “உங்களயும் கோர்ட்டுப் படி ஏற வச்சிட்டோம். அதுக்கு நாந்தான் உங்ககிட்ட மன்னிப்புக் கேக்கணும் மச்சான்.” பிறகு அடுப்படிப் பக்கம் திரும்பினார். இந்தத் தடவை சுவரைப் பார்த்துப் பேசவில்லை, அவளைப் பார்த்தே பேசினார். “பாரு. ஒன் வாயால வந்த வெனைக்கு அவுக வந்து பழி சொமக்காக. ஒனக்குக் கொஞ்சமாவது உறுத்துதா?”

அன்னக்கனி வந்து என் இலையில் ஒரு தோசையை வைத்துவிட்டுப் போனாள்.

பஸ் ஸ்டாப் வரைக்கும் அவள் கூட வந்தாள். கொஞ்ச தூரம் நடந்த பிறகு நான்தான் கேட்டேன்.

“ஒனக்கு எப்பத் தெரியும்?”

“பெட்டி வந்து எறங்குன அன்னைக்கே தெரியும்ணே.”

“அன்னைக்கே சொல்லியிருக்கலாம்ல.”

“எப்படிச் சொல்ல? அண்ணாச்சி கண்ணு, அண்ணாச்சி கண்ணுன்னு வெளியூர்ல இருந்தெல்லாம் வாராக. தங்கச்சியே வந்து கலரு தப்புன்னு சொன்னா ஒங்க பொழப்பு என்னாகும்? அடிச்சது அடிச்சாச்சு, ஊதாவும் பாக்க நல்லாத்தான் இருக்குன்னு விட்டுட்டேன். கேசு கீசுன்னு வரும்னு யாரு கண்டா.”

“வக்கீல் கேட்டப்பவாவது…”

“அப்பவும் ஒங்களத்தான பாத்தேன். நீங்க வாயத் தொறப்பீகன்னு பாத்தேன்.”

அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள், குத்திக் காட்டுகிற குரல் இல்லை. தெருவில் யாரோ அவளுக்கு வணக்கம் சொல்ல, அவளும் சொன்னாள்.

“இப்ப மாப்ளகிட்ட நீ சொல்லு அன்னக்கனி. நீ சொன்னா நம்புவாரு.”

“நம்புவாக. அப்புறம், தெரிஞ்சும் ரெண்டு வருசமா ஏன் சொல்லலன்னு கேப்பாக. அண்ணன் பொழப்புக்காக எம் பொழப்ப வித்தியான்னு கேப்பாக. இப்பன்னா, நான் புத்தி கெட்டுப்போய் ஊதா கேட்டுட்டேன்னு நெனைக்காக. அது பரவால்ல. அந்தக் கேள்விக்கு நான் என்னண்ணே பதில் சொல்லட்டும்?”

பஸ் வந்துவிட்டது. இடது கண்ணையும் சீக்கிரம் காட்டிவிடச் சொன்னாள். ஏறி ஜன்னல் பக்கம் உட்கார்ந்தேன். அவள் சேலைத் தலைப்பை இழுத்துச் சொருகிக்கொண்டு அந்த வீட்டுக்கே திரும்பி நடந்து போனாள்.